கோணமலைக் கடலும் ஒரு பௌதிகவியலாளரின் கதைகளும்

திருகோணமலைத் துறைமுகத்தின் பெருமையைப் பேசுவோர் பெரும்பாலும் அதன் பரப்பையும் பாதுகாப்பையுமே பேசுவர். எத்தனை போர்க்கப்பல்கள் ஒரே வேளையில் இங்கு நங்கூரமிடலாம், பருவக்காற்றின் சீற்றம் உட்புகாதவாறு குன்றுகள் எவ்வாறு மறைத்து நிற்கின்றன, போர்த்துக்கீசரும் ஒல்லாந்தரும் பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் இதன்பொருட்டு எவ்வாறு மோதினர் என்பனவே வரலாற்று நூல்களில் நிறைந்து கிடக்கின்றன. 1942 ஏப்பிரல் 9-ஆம் நாள் யப்பானிய விமானங்கள் வந்து குண்டு பொழிந்ததும் அப்பெருமையின் விளைவே. ஆனால் இத்துறைமுகத்துக்கு மேலோட்டமாகப் பார்ப்போர் கண்ணில் படாத இன்னொரு சிறப்பும் உண்டு. மகாவலி கங்கை வந்து கலக்கும் கொட்டியாரக்குடாவில், நீருக்கடியிலே ஒரு பள்ளத்தாக்குத் தொடங்குகிறது. அது வங்காள விரிகுடாவை நோக்கிச் சரிந்து சென்று, மூவாயிரம் மீற்றருக்கும் மேற்பட்ட ஆழத்தை எட்டுகிறது. பிற கரைகளில் பல கல் தூரம் படகு செலுத்திய பின்னரே காணக்கூடிய இருண்ட ஆழம், இங்கே கரையில் நின்று வலை வீசும் மீனவனுக்கு மிக அண்மையில் கிடக்கிறது.

இந்த ஆழத்தைப் படைத்தலைவன் கண்ணாலன்றிப் பௌதிகவியலாளன் கண்ணால் பார்த்து, அதிலிருந்து ஒரு கதையையும் எடுத்தவர் ஆர்தர் சி. கிளார்க். 1917-இல் இங்கிலாந்தின் சமர்செற் பகுதியில் பிறந்து, 1956-இல் இலங்கைக்கு வந்து குடியேறி, 2008 மார்ச் 19-ஆம் நாள் கொழும்பில் காலமானவர். இரண்டாம் உலகப் போரின்போது பிரித்தானிய விமானப்படையில் றேடார்க் கருவிகளோடு பணியாற்றினார். போர் முடிந்தபின் இலண்டன் கிங்ஸ் கல்லூரியில் பௌதிகமும் கணிதமும் பயின்று 1948-இல் முதல் வகுப்பில் தேறினார். அவர் ஆய்வுகூடத்தில் அமர்ந்து பரிசோதனை நடத்திய விஞ்ஞானி அல்லர் என்பதையும் சொல்ல வேண்டும். பட்டம் பெற்றபின் அவர் பார்த்த வேலை, உலகெங்கும் வெளியாகும் பௌதிக ஆய்வுக் கட்டுரைகளின் சுருக்கங்களைத் தொகுக்கும் ஓர் இதழில் துணையாசிரியர் வேலை. கதை எழுதப்போகும் ஒருவனுக்கு அதனினும் நல்ல பள்ளிக்கூடம் வாய்த்திருக்க முடியாது. எது நிகழக்கூடும், எது ஒருபோதும் நிகழாது என்ற எல்லைக்கோட்டை நாள்தோறும் பார்த்துக்கொண்டிருப்பதே அங்கு அவருக்குத் தொழிலாயிருந்தது.

அந்த எல்லைக்கோடுதான் இவ்வகை எழுத்தின் உயிர்நாடி. விஞ்ஞானப் புனைகதை என்றவுடன் பறக்கும் கம்பளத்துக்கு இயந்திரம் பூட்டிய கதை என்று எண்ணுவோர் நம்மவரில் பலர். அவ்வாறான கதைகள் உண்டு. அவற்றில் நல்லவையும் உண்டு. ஆங்கில எழுத்தாளர் எச். ஜி. வெல்ஸ் 1901-இல் வெளியிட்ட நாவலில், ஈர்ப்பு விசையை மறைத்துவிடும் ஓர் உலோகத்தைக் கற்பனை செய்து, தம் மாந்தரைச் சந்திரனுக்கு அனுப்பினார். அந்நாளில் முதியவராயிருந்த பிரெஞ்சு எழுத்தாளர் யூல் வேர்ண் இதை ஏற்கவில்லை. தாம் பௌதிகத்தைக் கையாள்வதாகவும் வெல்ஸ் இல்லாததைப் புனைவதாகவும் அவர் குறைப்பட்டுக்கொண்டார். வேர்ண் 1865-இல் எழுதிய கதையிலோ சந்திரப் பயணிகள் ஏறத்தாழ 270 மீற்றர் நீளமுள்ள ஒரு பீரங்கியிலிருந்து சுடப்படுகின்றனர். அவ்வளவு குறுகிய குழலுக்குள் நொடிக்குப் பதினொரு கிலோமீற்றர் வேகத்தை அடைய வேண்டுமானால், பயணியின் உடல் தன் எடையைப்போல் இருபதினாயிரம் மடங்குக்கும் மேற்பட்ட அமுக்கத்துக்கு ஆளாகும். குழல்வாயைக் கடக்குமுன்னரே அவர் பயணியாக இருந்திருக்க மாட்டார். ஆயினும் வேர்ணின் பிழையைக் கணக்கிட்டுக் காட்ட முடிகிறது. வெல்ஸின் உலோகத்தை எந்தக் கணக்காலும் தொட முடியாது. கிளார்க் வேர்ணின் பக்கத்தைச் சேர்ந்தவர். வேர்ணைக் காட்டிலும் கணக்கில் கண்டிப்பானவர்.

அவரை இத்தீவுக்கு இழுத்தது வானமன்று, கடல். 1954-இன் இறுதியில் அவுஸ்திரேலியப் பவளப் பாறைகளை நாடிச் சென்ற கப்பல் கொழும்பில் தங்கிய சில மணி நேரத்தில் இலங்கையைக் கண்டவர், ஈராண்டில் தம் நண்பர் மைக் வில்சனோடு திரும்பி வந்தார். கடலடியில் சுழியோடுவதில் அவருக்கிருந்த பற்றுக்கும் பௌதிகமே காரணம் எனலாம். நீரில் மூழ்கிய உடல், தான் விலக்கிய நீரின் எடைக்குச் சமமான உந்துதலைப் பெறுகிறது. ஈயக்குண்டுகளைக் கட்டி இதைச் சரிப்படுத்திக்கொண்டால், சுழியோடி மேலும் போகாமல் கீழும் போகாமல் மிதந்து நிற்பான். விண்வெளிக்குச் செல்லாமலே எடையின்மையை உணர வேண்டுமானால் அதுவே வழி என்று கிளார்க் கருதினார். அமெரிக்க விண்வெளி வீரர்கள் நீர்த்தொட்டிக்குள் இறங்கிப் பயிற்சி பெறத் தொடங்கியது 1966-ஆம் ஆண்டளவில்தான்.

வில்சனும் அவரும் திருகோணமலையில் சுழியோடிய இடம், சுவாமிமலையின் அடிவாரம். சம்பந்தர் பாடிய கோணேசர் கோயில் பண்டைநாளில் நின்ற மலை அது. 17-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் போர்த்துக்கீசர் கோயிலை இடித்துக் கற்களைக் கோட்டை கட்டுவதற்கு எடுத்தனர். எஞ்சியவை கடலுள் விழுந்தன. அங்கே நீருக்கடியில் செதுக்கிய தூண்களும் கட்டடக் கற்களும் கிடப்பதை 1956-இல் இவர்கள் கண்டனர். கிளார்க் அதை 1957-இல் வெளியான பயண நூலொன்றில் விவரித்தார். பின்னர் மைக் வில்சன் கடலிலிருந்து ஒரு சிவலிங்கத்தை மீட்டார் என்பதும், அது மலைமேல் மீண்டும் எழுப்பப்பட்ட கோயிலில் வைக்கப்பட்டது என்பதும் அவ்வூரார் நன்கறிந்த செய்தி. வில்சனோ சில ஆண்டுகளில் துறவு பூண்டு சுவாமி சிவகல்கி ஆனார். ஒரே நீரில் மூழ்கியவர்கள் வெவ்வேறு கரைகளில் ஏறினார்கள்! கிளார்க் சமயப் பற்றில்லாதவராகவே இறுதிவரை வாழ்ந்தார்.

கிளார்க்கின் பெயரை உலகம் அறிந்தது முதலில் ஒரு கட்டுரையால். அது வானொலி நேயர்களோடு நெருங்கிய தொடர்புடையது. சிற்றலை ஒலிபரப்பைக் கேட்டுப் பழகியவர்கள், குரல் அலைபோல ஏறி இறங்கித் தேய்ந்து போவதை அறிவர். சிற்றலை, வளிமண்டலத்தின் உச்சியிலுள்ள மின்னேறிய படையில் பட்டுத் திரும்பி வருகிறது. அப்படையோ சூரியனின் போக்குக்கேற்ப நாளும் மாறுகிறது. திருப்பி அனுப்பும் கண்ணாடியே ஆடிக்கொண்டிருந்தால் பிம்பம் எப்படி நிலைக்கும்? 1945 ஒக்டோபரில் 'வயர்லெஸ் வேர்ல்ட்' என்ற இதழில் கிளார்க் கூறிய தீர்வு இது: பூமியின் நடுக்கோட்டுக்கு மேலே ஏறத்தாழ 35,800 கிலோமீற்றர் உயரத்தில் சுற்றும் பொருள், பூமி ஒருமுறை சுழலும் அதே காலத்தில் ஒரு சுற்றை முடிக்கும்; ஆகவே நிலத்திலிருந்து பார்ப்போர்க்கு அது வானில் அசையாமல் நிற்கும். அவ்வாறு மூன்று நிலையங்களைச் சம இடைவெளியில் நிறுத்தினால், துருவப் பகுதிகள் நீங்கலாக உலகம் முழுவதையும் ஒலிபரப்பால் தொட்டுவிடலாம்.

அந்தச் சுற்றுப்பாதையைக் கண்டுபிடித்தவர் கிளார்க் அல்லர். பொதோச்னிக் என்ற பொறியியலாளர் 1920-களிலேயே அதைப் பற்றி எழுதியிருந்தார். அதனை உலக ஒலிபரப்புக்குரிய முழுத்திட்டமாக்கிக் கணக்கோடு காட்டியதே கிளார்க்கின் பங்கு. அதில் அவர் தவறிய இடமும் சுவையானது. அந்நிலையங்களில் மனிதர்கள் தங்கியிருந்து பணிபுரிவர் என்று அவர் நினைத்தார்; வானொலி வால்வுகள் எரிந்துபோனால் மாற்றுவதற்கு ஆள் வேண்டுமே! 1947-இல் திரான்சிஸ்ரர் பிறந்ததும் அந்த ஆளுக்கு வேலை இல்லாமற் போயிற்று. 1964-இல் 'சின்கொம் 3' என்ற செய்மதி ஆளில்லாமலே அப்பாதையில் நின்றது. கோள்களின் விதியைப் பற்றி அவர் சொன்னது இம்மியும் பிசகவில்லை. மனிதரின் கருவிகளைப் பற்றிச் சொன்னது இரண்டே ஆண்டில் பழையதாயிற்று. அவருடைய கதைகளைப் படிப்போர் இந்த வேறுபாட்டை நினைவிற்கொள்வது நன்று. திருகோணமலையிலேயே இவ்விரு முறைகளும் கைகோத்ததும் உண்டு. ஜெர்மனியின் டொய்ச்ச வெல்லே வானொலி 1980-களில் இங்கு நிறுவிய அஞ்சல் நிலையம், செய்மதி வழியாக வந்த நிகழ்ச்சிகளை வாங்கிச் சிற்றலையில் ஆசியாவெங்கும் பரப்பியது. அந்நிலையம் பின்னர் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனத்தின் கைக்கு வந்தது.

இனி அவர் திருகோணமலையை வைத்தெழுதிய கதையைப் பார்க்கலாம். 'ஒளிர்வோர்' என்று பொருள்படும் பெயருடைய அச்சிறுகதை 1964-இல் வெளியானது. கதை சொல்பவர் ஒரு சுவிற்சர்லாந்துப் பொறியியலாளர். கடலடி வேலைகளில் வல்லவர். சோவியத்து நாட்டினர் திருகோணமலைக்கு அப்பாலுள்ள ஆழத்தில் மின்னாக்கும் பெரும் அமைப்பு ஒன்றை இறக்கியிருக்கின்றனர். அது எவ்வாறோ சேதமடைந்துவிடுகிறது. காரணத்தை அறிந்து சீர்செய்ய அவர் அழைக்கப்படுகிறார். வல்லரசுகள் ஒன்றையொன்று ஐயத்தோடு நோக்கிய காலம். எனவே எதிரிகளின் சதியோ என்ற சந்தேகமும் எழுகிறது. 1957 வரை பிரித்தானியக் கடற்படையின் தளமாயிருந்த துறைமுகமாதலால், படிப்போருக்கு அச்சந்தேகம் இயல்பாகவே தோன்றும்.

கதையின் விறுவிறுப்பு ஒருபுறமிருக்க, அதன் அடித்தளமாகிய மின்னாக்கத் திட்டத்தை ஆராய்வது பயனுடையது. இலக்சபானவில் மலைமேலிருந்து நீர் கீழே விழுகிறது. விழும்போது சக்கரத்தைச் சுழற்றுகிறது. நீர் உயரத்திலிருந்து தாழ்வுக்கு இறங்குவதைப்போலவே, வெப்பம் சூடான இடத்திலிருந்து குளிர்ந்த இடத்துக்கு இறங்குகிறது. அந்த இறக்கத்தின் நடுவே ஓர் இயந்திரத்தை வைத்தால் வேலை வாங்கலாம். புகைவண்டியின் நீராவிப்பொறி செய்வதும் அதுவே. திருகோணமலைக் கடலின் மேற்பரப்பு ஆண்டு முழுவதும் 28 பாகை அளவில் வெதுவெதுப்பாக இருக்கிறது. ஆயிரம் மீற்றர் ஆழத்திலோ, துருவக் கடல்களிலிருந்து அடித்தளத்தோடு ஊர்ந்து வந்த நீர் 6 அல்லது 7 பாகையில் கிடக்கிறது. இரண்டுக்கும் இடையே ஏறத்தாழ 22 பாகை வேறுபாடு. இரவிலும் மழையிலும் மாறாத வேறுபாடு. நிலக்கரியும் எண்ணெயும் கேளாத வேறுபாடு.

வேறுபாடு உண்டு, ஆனால் அது சிறிது. எந்த வெப்பப்பொறியும் மிஞ்ச முடியாத ஓர் எல்லையைப் பிரெஞ்சு அறிஞர் கார்னோ 1824-இலேயே வகுத்துவிட்டார். கடலுக்கு அந்தக் கணக்கைப் போட்டால் விடை நூற்றுக்கு ஏழு. நடைமுறையில் கிடைப்பது நூற்றுக்கு இரண்டு மூன்றே. உயரம் குறைந்த அருவியிலிருந்து பெருவலிமை பெற வேண்டுமானால் நீர் வெள்ளமாக வர வேண்டும் அல்லவா? இங்கும் அவ்வாறே. ஒரு மெகாவாற் மின்வலிமைக்கு, ஆழத்துக் குளிர்நீர் நொடிக்கு மூன்று கனமீற்றர் அளவில் மேலேற வேண்டும். ஒரு நாளைக்கு அது இரண்டரை இலட்சம் தொன்னுக்கு மேல். ஆகவே குழாயின் நீளமே முதல் பிரச்சினையாகிறது. ஆழம் கரைக்கு எவ்வளவு அண்மையிலுள்ளதோ அவ்வளவுக்குச் செலவு குறையும். உலகத்துக் கடற்கரைகளை எல்லாம் விட்டுத் திருகோணமலையைக் கிளார்க் தெரிந்தெடுத்ததன் நியாயம் இப்போது விளங்கும். அழகான இடம் என்பதற்காக மட்டும் அக்கதை அங்கு நிகழவில்லை. கொட்டியாரக்குடாவின் பள்ளத்தாக்கு இல்லையேல் அக்கதையே இல்லை.

எந்திரத்தை உடைத்தது எது? அங்கேதான் கதாசிரியர் பௌதிகத்தோடு உயிரியலையும் கூட்டுகிறார். ஆழ்கடலில் வாழும் இராட்சதக் கணவாய்களே காரணம் என்பது மெல்ல வெளிப்படுகிறது. மீன்சந்தையில் காணும் கணவாயின் உடலில் நிறம் நொடிக்கு நொடி மாறுவதைத் திருகோணமலை மீனவர் ஒவ்வொருவரும் கண்டிருப்பர். ஆழத்திலுள்ள சில கணவாய் இனங்களுக்கு ஒளிவிடும் உறுப்புகளும் உண்டு. இவ்விரு உண்மைகளையும் எடுத்து, ஒளியால் தம் உடல்மேல் உருவங்களை வரைந்து ஒன்றோடொன்று பேசிக்கொள்ளும் பெருங்கணவாய்களைக் கிளார்க் படைத்தார். இறுதிப் பகுதியில் அந்தப் பொறியியலாளர் இருளில் அவற்றை எதிர்கொள்கிறார். முடிவை இங்கே சொல்லிவிடுவது, படிக்கப்போகிறவர்களுக்குச் செய்யும் தீங்காகும். ஒன்று மட்டும் சொல்லலாம்: அவர் கண்டு வியப்பது அவற்றின் வலிமையை அன்று, அவற்றின் அறிவை.

இதில் எது கற்பனை, எது உண்மை என்று வரையறுத்துக் காட்ட முடிவதே இவ்வகை எழுத்தின் நேர்மை. கணவாய்களின் மொழி கற்பனை. கடலின் வெப்ப வேறுபாடு உண்மை. இத்துறையில் முன்னோடியான பிரெஞ்சுப் பொறியியலாளர் ஜோர்ஜ் குளோட், 1930-இல் கியூபாவின் மத்தான்சஸ் விரிகுடாவில் 22 கிலோவாற் மின்சாரம் எடுத்துக் காட்டினார். அதற்காக ஏறத்தாழ இரண்டு கிலோமீற்றர் நீளமான குழாயை இறக்க அவர் பட்ட பாடு சொல்லுந்தரமன்று. முதலில் கொண்டுவந்த குழாய்கள் கடலுக்குப் பலியாயின, வெற்றிகண்ட குழாயும் நெடுநாள் நிலைக்கவில்லை. பின்னர் பிறேசில் கரைக்கப்பால் ஒரு கப்பலில் செய்த முயற்சியும் குழாயோடு போயிற்று. கதையிலே கணவாய் செய்ததை வாழ்விலே அலையும் நீரோட்டமும் செய்தன. பொறிக்குள் நடப்பதில் எவர்க்கும் ஐயமில்லை. கடல் அதை விட்டுவைக்குமா என்பதே கேள்வி. கிளார்க்கின் கதை தன் முடிச்சை மிகச் சரியான இடத்தில் போட்டிருக்கிறது.

கதை வெளிவந்தபின் நடந்தவையும் இதற்குச் சான்று. 1979-இல் ஹவாய்த் தீவுக்கருகே ஒரு மிதவையில் அமைத்த நிலையம் ஏறத்தாழ 50 கிலோவாற் ஆக்கியது. நீரிறைக்கும் இயந்திரங்கள் தின்றதுபோக மிஞ்சியது 15 கிலோவாற் அளவே. தமிழர்க்கு அண்மையிலும் ஒரு முயற்சி நடந்தது. சென்னையிலுள்ள தேசியக் கடல் தொழில்நுட்பக் கழகம், 2000-களின் தொடக்கத்தில் தூத்துக்குடிக்கு அப்பால் 'சாகர் சக்தி' என்ற மிதவையில் ஒரு மெகாவாற் நிலையம் அமைக்க முனைந்தது. அங்கும் நெடுங்குழாயை ஆழத்தில் நிறுத்தும் வேலையே தோல்வியில் முடிந்தது. ஆயினும் அவ்வுழைப்பு வீண்போகவில்லை. மின்சாரத்தை ஒருபுறம் வைத்துவிட்டு அதே வெப்ப வேறுபாட்டைக் கொண்டு குடிநீர் ஆக்கலாம் என்று அக்கழகத்தார் கண்டனர். அமுக்கத்தைப் பெரிதும் குறைத்த அறைக்குள் விட்டால், மேற்பரப்பின் 28 பாகை நீரும் கொதித்து ஆவியாகும். ஆழத்துக் குளிர்நீர் ஓடும் குழாய்களில் அந்த ஆவி பட்டு உப்பற்ற நன்னீராக வடியும். 2005-இல் இலட்சத்தீவுகளிலுள்ள கவரத்தியில் இவ்வாறு நாளொன்றுக்கு ஓர் இலட்சம் இலீற்றர் தரும் நிலையம் தொடங்கிற்று. கிணறு உவர்க்கும் தீவில் வாழ்வோர்க்கு அது எத்துணைப் பெரிய உதவி என்பதை ஊர்காவற்றுறையிலும் நெடுந்தீவிலும் உள்ளவர்களுக்கு எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

கணக்கில் இவ்வளவு கண்டிப்பானவர், ஒருமுறை வேண்டுமென்றே இலங்கையின் நிலப்படத்தை மாற்றினார். 1979-இல் வெளியான 'சொர்க்கத்தின் ஊற்றுகள்' என்ற நாவலில், பூமியிலிருந்து விண்வெளிக்கு ஒரு தூக்கி எழுகிறது. அசையாச் செய்மதியிலிருந்து தரைவரை ஒரு வடத்தைத் தொங்கவிட்டு, அதன்வழியே வண்டிகள் ஏறியிறங்கும் திட்டம் அது. இரசியப் பொறியியலாளர் அர்த்சுதானோவ் 1960-இலும், அமெரிக்கர் ஜெரோம் பியர்சன் 1975-இலும் அதன் கணக்கை வெளியிட்டிருந்தனர். சாதாரண உருக்குக் கம்பி இருபத்தைந்து கிலோமீற்றர் அளவு தொங்கினாலே தன் எடையால் தானே அறுந்துவிடும். ஆகவே கதையில் வைரத்தைப் போன்ற ஒரு கரி இழை வருகிறது. அத்தகைய வடத்தின் அடி இயல்பாக நிற்குமிடம் பூமியின் நடுக்கோடு. இலங்கையோ வட அகலக்கோடு 6 பாகைக்கும் 10 பாகைக்கும் இடையில் இருக்கிறது.

கிளார்க் என்ன செய்தார்? விதியை வளைக்கவில்லை, தீவை நகர்த்தினார். இலங்கையை 800 கிலோமீற்றர் தெற்கே தள்ளி, சிவனொளிபாத மலையின் உயரத்தை இரட்டித்து, அதைச் சிகிரியாவுக்கு அண்மையில் கொண்டுவந்து வைத்து, இம்மூன்று மாற்றங்களையும் நூலின் குறிப்பில் ஒப்புக்கொண்டார். தீவுக்குத் 'தப்ரபேன்' என்ற பழம்பெயரையும் சூட்டினார். கூட்டிக் கழித்துப் பார்த்தால், உண்மையில் நடுக்கோட்டுக்கு வடக்கே 950 கிலோமீற்றரில் உள்ள திருகோணமலை, அந்த நாவலின் உலகில் 150 கிலோமீற்றரில் வந்து நிற்கும். தெய்வேந்திரமுனை தென்னரைக் கோளத்துக்குப் போய்விடும். ஒரு நாட்டையே இடம்பெயர்க்கத் துணிந்தவர், ஈர்ப்பு விதியில் ஒரு தசமத்தையும் மாற்றத் துணியவில்லை. புராணகாரர் மலையைப் பெயர்த்தால் காரணம் கேட்பாரில்லை. இவரோ தாமே முன்வந்து கணக்குக் கொடுக்கிறார்.

மீண்டும் அந்தக் கணவாய்களிடம் வரவேண்டும். 1964-இல் கதை வெளியானபோது இராட்சதக் கணவாயை அதன் ஆழ்கடல் இருப்பிடத்தில் உயிரோடு படம்பிடித்தவர் எவருமிலர். கரையொதுங்கிய உடல்களும், எண்ணெய்த் திமிங்கிலங்களின் வயிற்றில் கிடைத்த அலகுகளும், அத்திமிங்கிலங்களின் தோலிற் பதிந்த உறிஞ்சித் தழும்புகளுமே சான்று. அவ்வகைத் திமிங்கிலங்கள் திருகோணமலைக்கு வெளியேயும் உலவுகின்றன. நீலத்திமிங்கிலங்களும் அங்கு வருவதுண்டு. 1957-இல் எழுதிய வேறொரு நாவலில் கிளார்க், திமிங்கிலங்களை மாட்டு மந்தைபோல் மேய்க்கும் எதிர்காலத்தைக் காட்டி, அவற்றைக் கொல்லலாகாது என்று வாதாடும் பொறுப்பை இலங்கைப் பௌத்த துறவியொருவரிடம் ஒப்படைத்தார்.

2004-இல் யப்பானிய விஞ்ஞானிகள் ஒகசவாரத் தீவுகளுக்கு அப்பால் இரையோடு ஒரு படப்பெட்டியைக் கயிற்றில் இறக்கினர். அங்கே வந்து தூண்டிலில் சிக்கிய இராட்சதக் கணவாய் நெடுநேரம் போராடி, ஒரு கையை இழந்து தப்பியது. நூற்றுக்கணக்கான படங்கள் கிடைத்தன. மறு ஆண்டு அவை உலகெங்கும் வெளியாயின. வேறொரு பெருங்கணவாய் இனம் இரையைத் தாக்கும்போது தன் கைநுனிகளிலிருந்து பேரொளி வீசுவதையும் அதே விஞ்ஞானிகள் படம்பிடித்து 2007-இல் அறிவித்தனர். சக்கர நாற்காலியில் அமர்ந்தபடி கொழும்பில் எழுதிக்கொண்டிருந்த கிளார்க்குக்கு அப்போது வயது எண்பத்தொன்பது. அந்த இராட்சதக் கணவாய் படப்பெட்டியின் முன் தோன்றிய ஆழம் 900 மீற்றர். கடல்வெப்ப மின்நிலையங்களின் குளிர்நீர்க் குழாய் போய் நிற்க வேண்டிய ஆழமும் ஏறத்தாழ அதுவே.